காவடி தூக்கிய தோள்

தைப்பூசம் கழிந்து இரண்டு மாதம் இருக்கும். பாயான் லெப்பாஸ் வட்டாரத் தொழிற்சாலையில் வேலை முடிந்து மோட்டார் சைக்கிளில் வீடு திரும்பிக்கொண்டிருந்த என் கணவரை ஒரு வேன் இடித்துத் தள்ளியது. உயிர் தப்பியது. ஆனால் வலது தோள் மூட்டு விலகி, எலும்பும் உடைந்துவிட்டது. சீக்கிரம் அறுவை சிகிச்சை செய்யாவிட்டால் கையை மறுபடி தூக்க முடியாது என்றார்கள். அரசு மருத்துவமனையில் வரிசை நீளம். விபத்துக் காப்புறுதி இருக்கிறதே, தனியாரில் செய்துகொள்ளலாம் என்று நம்பினோம்.

காப்புறுதி நிறுவனம் கையை விரித்தது. அடிபட்ட அன்று, "இதற்கு முன் தோளில் வலி உண்டா?" என்று மருத்துவமனையில் கேட்டிருக்கிறார்கள். இவருக்கு வாய் சும்மா இருக்குமா? தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலை முருகன் கோயிலுக்குக் காவடி எடுத்தேன், இரண்டு நாள் வலித்தது என்று சொல்லியிருக்கிறார். அதையே பிடித்துக்கொண்டார்கள். தோள் ஏற்கெனவே கெட்டது, விபத்து காரணமில்லை என்று கடிதம் வந்தது.

அன்று சாமி அறையில் நான் கும்பிடவில்லை, சண்டைதான் போட்டேன். "உனக்குக் காவடி தூக்கினவருக்கு நீ குடுக்கிற கூலி இதுதானா?" அழுதுகொண்டே கேட்டேன். சோறு இறங்கவில்லை. சட்டை மாட்டிவிட அவர் கூப்பிடும்போதெல்லாம், இனி காலம் முழுக்க இப்படித்தானோ என்று தோன்றியது.

காப்புறுதி ஏஜெண்டு வீட்டுக்கு வந்தார். "ஈஸிதான்லா அக்கா. அண்ணே காவடியே எடுக்கல, வலியில ஏதோ உளறிட்டாருன்னு ஒரு லெட்டர் குடுங்க. அப்பீல் போட்டுடலாம்."

நான் பேனாவையே எடுத்துவிட்டேன்.

கணவருக்கு முகம் சிவந்தது. "முருகனுக்கு எடுத்தத எடுக்கலன்னு எழுதப் போறியா? கை போனா போகட்டும், பிரேமா."

எனக்குக் கோபம். அதைவிடப் பயம். "சரி, பொய் எழுதல. நீயே வழி காட்டு" என்று முருகனிடம் சொல்லிவிட்டு, மறுநாள் அவரோடு மருத்துவமனைக்குப் போனேன்.

எலும்பு டாக்டர் ஒரு மலாய்க்காரப் பெண். காவடி எடுத்ததை அப்படியே சொன்னோம். காவடிக்குப் பிறகு, விபத்துக்கு முன்னால் எக்ஸ்ரே ஏதாவது எடுத்தாரா என்று அவர் மலாயில் கேட்டார். நான் இல்லையென்று தலையாட்டப் போனேன். கம்பெனியின் வருடப் பரிசோதனையில் நெஞ்சுக்கு எடுத்தார்கள் என்றார் கணவர்.

கம்பெனி கிளினிக்கில் கேட்டு அதை வாங்கி வந்தோம். நெஞ்சுப் படத்தின் ஓரத்தில் தோளும் விழுந்திருந்தது. எலும்பு முழுசாக இருந்தது! டாக்டர் விபத்துக்குப் பிறகு எடுத்த படத்தைப் பக்கத்தில் வைத்துக் காட்டினார். காவடியால் வந்ததல்ல, விழுந்ததால் உடைந்தது என்று அறிக்கையும் எழுதிக் கொடுத்தார். நான் அங்கேயே "முருகா!" என்று கத்திவிட்டேன். நர்ஸ் பயந்துபோய் எட்டிப் பார்த்தார்.

அதோடு என் பயம் போய்விட்டது என்றால் பொய். அறிக்கையை வைத்து அப்பீல் போட்டுவிட்டு, போன் அடிக்கும்போதெல்லாம் ஓடி ஓடி எடுத்தேன். கடைசியில் காப்புறுதிக்காரர்கள் ஒப்புக்கொண்டார்கள். அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது. இப்போது என் கணவர் தன் தலையைத் தானே சீவிக்கொள்கிறார்.

அடியார்களே, காவடியே எடுக்கவில்லை என்று எழுதியிருந்தால், அந்த டாக்டர் பழைய எக்ஸ்ரே பற்றிக் கேட்டிருக்கவே மாட்டார். நினைத்தால் இன்றும் உடம்பு சிலிர்க்கிறது. முன்பெல்லாம் காரியம் நடக்க வேண்டும் என்று மட்டும் வேண்டுவேன். இப்போது பொய் சொல்லாதிருக்கத் தைரியமும் கேட்கிறேன். உங்களுக்கும் நெருக்கடி வரும். நடுங்கிக்கொண்டே கேளுங்கள், சண்டை போட்டும் கேளுங்கள், அவன் கோபித்துக்கொள்ள மாட்டான். அவனுக்குச் செய்ததை மட்டும் செய்யவில்லை என்று சொல்லிவிடாதீர்கள்.