காப்புக்கு முன்னால் கிளம்ப வேண்டிய கார்

மாப்பிள்ளை துபாயிலிருந்து லீவில் வந்தபோது ஒரு கூடாரம் கொண்டுவந்திருந்தார். மடித்தால் தலையணை அளவுதான். விரித்தால் நாலு பேர் படுக்கலாம். கடற்கரையில் அதை அடித்து இரண்டு ராத்திரி தங்குவது, காரை மெதுவாக ஓட்டுவது, நினைத்த இடத்தில் நிறுத்தி டீ குடிப்பது என்று அவரும் என் மகளும் கூடத்தில் உட்கார்ந்து பேசினார்கள். நான் அடுப்படியில் இருந்து கேட்டுக்கொண்டிருந்தேன்.

"நாயையும் கூட்டிட்டுப் போவோம். மணல்ல ஓடட்டும்," என்றார் மாப்பிள்ளை.

"அது அம்மா கையால வச்சாத்தானே திங்கும்?" என்றாள் மகள்.

"அப்ப அத்தையும் வரட்டும்."

நாய் புண்ணியத்தில் எனக்கும் காரில் இடம் கிடைத்தது. அது ஒரு செவலை நாய். பேர் வைக்கவில்லை. 'இந்தா' என்றால் வரும்.

எங்கள் ஊர் விராலிமலைப் பக்கம். கட்டுமாவடி மீன் என்று கூவிக்கொண்டு வண்டியில் வருகிறவரிடம்தான் இத்தனை வருஷமும் மீன் வாங்கியிருக்கிறேன். அந்த மீன் கிடந்த தண்ணீரை நான் பார்த்ததில்லை. கடல் இதே ஜில்லாவில்தான் இருக்கிறது. யாரும் கூட்டிப்போகவில்லை, நானும் கேட்கவில்லை. கேட்க வெட்கம். மாப்பிள்ளையிடம் நேருக்கு நேர் பேசவே எனக்கு வராது. சாப்பிட வரச் சொல்வதென்றாலும் மகளிடம்தான் சொல்லிவிடுவேன்.

அன்றிலிருந்து எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. நாயின் தட்டு, அது படுக்கிற சாக்கு, எனக்கு ஒரு மாற்றுச் சேலை எல்லாம் ஒயர்க்கூடையில் எடுத்து வைத்தேன். சேலை கூடுதலோ என்று வெளியே எடுத்தேன். மறுபடி வைத்தேன்.

இடையில் ஒரு சிக்கல் இருந்தது. செவ்வாய்க்கிழமை மாரியம்மனுக்குக் காப்புக்கட்டு. காப்புக் கட்டும்போது ஊருக்குள் இருக்கிறவர்கள் திருவிழா முடிகிறவரை வெளியூரில் ராத்தங்கக் கூடாது. அதற்கு முன்பே எல்லை தாண்டிப் போனவர்களுக்கு அந்தக் கட்டு இல்லை. திருவிழா முடியட்டும் என்றால் மாப்பிள்ளைக்கு லீவு முடிந்துவிடும். அவருடைய சிநேகிதர் தருகிற காரோ செவ்வாய் காலையில்தான் வரும். எப்போதும் விளக்கு வைக்கிற நேரத்தில்தானே காப்புக் கட்டுவார்கள், மத்தியானம் சாப்பிட்டுவிட்டுக் கிளம்பலாம் என்று முடிவு செய்தார்கள்.

"கார் வந்ததும் போயிரலாம்னு சொல்லு," என்று மகளிடம் கிசுகிசுத்தேன்.

"அவசரப்படுத்தினா அவருக்குப் பிடிக்காதும்மா. ரிலாக்ஸா போகணுமாம்."

செவ்வாய்க்கிழமை கார் வந்தது. சாப்பாடும் முடிந்தது. நாய்தான் ஏறவில்லை. முன்னே ஒருதரம் ஊசி போட அதை வண்டியில் தூக்கிப் போனது நினைவு இருந்திருக்கும். நேராகக் காருக்கு அடியில் போய்ப் படுத்துக்கொண்டது. மாப்பிள்ளை பிஸ்கட்டை நீட்டிக்கொண்டு குனிந்து நின்றார்.

"வாங்க சார், ஏறுங்க சார். ஏசி போட்டிருக்கு சார்."

"நீங்க சாரை ஏத்துங்க. நான் ஓடிப்போயி அம்மன்கிட்டத் திருநீறு வாங்கிட்டு வந்துர்றேன். தூரப் பயணம்ல," என்று சொல்லிவிட்டு மகள் கோயிலுக்குப் போனாள்.

நான் தட்டில் சோற்றைப் போட்டு, பின்சீட்டில் ஏறி உட்கார்ந்து, 'இந்தா' என்றேன். நாய் மெதுவாக வெளியே வந்தது. காரை மோந்தது. ஏறி என் பக்கத்தில் உட்கார்ந்தது. அந்நேரம் பார்த்துக் கோயில் பக்கம் கொட்டுச் சத்தம் கேட்டது.

மகள் கையில் திருநீற்றுப் பொட்டலத்தோடு நடந்து வந்தாள். ஓடி வரவில்லை.

"கட்டிட்டாங்கம்மா. சாயங்காலம் நேரம் சரியில்லயாம், ராகு காலத்துக்கு முன்னயே கட்டிட்டாங்க. நான் இங்கிட்டுக் கைய நீட்டிக்கிட்டு நிக்கிறேன், அங்கிட்டுக் காப்புக் கட்டுறாங்க."

"நம்ம ராத்திரி ஊர்ல இல்லைன்னு அம்மனுக்கு யாரு சொல்லப்போறா?" என்றார் மாப்பிள்ளை.

"வாயக் கழுவுங்க. ஒங்களுக்கு அம்மை போட்டா நான்தான் வேப்பிலை வச்சு வீசணும்."

"சரி, நாய்க்கும் காப்பு உண்டா? அதுக்கு மட்டுமாவது கடலைக் காட்டிட்டு வாரேன்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். ஆனால் டிக்கியைத் திறந்து கூடாரத்தை வெளியே எடுக்க ஆரம்பித்துவிட்டார்.

"விடு. அடுத்த லீவுல பாத்துக்கலாம்."

அடுத்த லீவு இரண்டு வருஷம் கழித்து. என் முழங்கால் இப்போதே எதையாவது பிடித்தால்தான் மடங்குகிறது. நானும் நாயும் இன்னும் காருக்குள்தான் இருந்தோம். இறங்கு என்று யாரும் சொல்லவில்லை. எனக்கும் இறங்க மனசு வரவில்லை.

"மாப்பிள்ளை," என்றேன்.

அவர் மகளைப் பார்த்தார், அவள்தான் ஏதோ சொன்னாள் என்று நினைத்து.

"ராத்தங்கத்தானே கூடாது? விடியக் கிளம்பிப் போயி, வெளக்கு வைக்க முன்ன திரும்பிரலாமுல்ல? நான்... நான் கடல் பாத்ததில்ல."

"ஏம்மா, பாத்ததே இல்லையா?" என்றாள் மகள். "எனக்கே தெரியாதேம்மா."

மாப்பிள்ளை கூடாரத்தைத் திரும்ப உள்ளே வைத்தார். "அத்தை இன்னைக்குத்தான் எங்கிட்டப் பேசியிருக்காங்க. போகாம இருக்க முடியுமா?"

மறுநாள் டீக்குக்கூட நிறுத்தாமல் ஓடினோம். கட்டுமாவடியில் அலை என்று ஒன்றுமே இல்லை. எங்கள் கண்மாய் நிறைந்து கிடக்கிற மாதிரி கிடந்தது, அக்கரை மட்டும் இல்லை. உச்சி வெயிலில் கூடாரத்தை அடித்தார்கள். உள்ளே தலையை நீட்ட முடியாத வெக்கை. நாய் அதன் நிழலில் படுத்தது. கரையில் மீன் துள்ளத் துள்ளக் கொட்டி வைத்திருந்தார்கள். காப்புக் கட்டின ஊர்க்காரர்கள் நாங்கள் கவிச்சி தின்னக் கூடாது.

"நாய்க்குத்தான் காப்பு இல்லையே," என்று மாப்பிள்ளை அதற்கு மட்டும் மத்தி வாங்கினார். அவர் நீட்டினால் அது தின்னவில்லை. கடைசியில் நான்தான் ஒவ்வொன்றாகக் கொடுத்தேன்.

பிறகு சேலையைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்துக்கொண்டு தண்ணீரில் இறங்கினேன். வெதுவெதுப்பாக இருந்தது. காலுக்கடியில் சேறு மெத்தென்று இறங்கியது. திரும்பிப் பார்த்தேன், கூடாரத்தின் நிழல் நீண்டிருந்தது.

"மணி என்ன மாப்பிள்ளை?"

"நேரம் இருக்கு அத்தை. நில்லுங்க."

நின்றேன். கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் கேட்டேன்.