நானூறு விரிப்புகளும் ஒரு வழக்கு நாட்குறிப்பும்

அன்று காலை தையல்நாயகிக்கு இட்லி இறங்கவில்லை. சென்னை பஸ் காலாப்பட்டைத் தாண்டுவதற்குள் வக்கீல் விர்ஜினியிடம் மூன்றாவது தடவையாகக் கேட்டாள்.

"ஜட்ஜ் நம்ம பேச்ச கேப்பாரா மேடம்?"

"கேப்பாருக்கா. போலீஸோட வழக்கு நாட்குறிப்பையே கொண்டாரச் சொல்லியிருக்காரு. இத்தினி நாளா இன்னா விசாரிச்சாங்கன்னு இன்னிக்குத் தெரிஞ்சிடும்."

தையல்நாயகிக்கு ஊர் புதுச்சேரி குருசுக்குப்பம், வயது நாற்பத்தாறு. ஒரே ஒரு கெஸ்ட் ஹவுஸின் படுக்கை விரிப்புகளைக் கையால் துவைத்துத் தொடங்கியவள். இப்போது மூன்று பெரிய மிஷின், ஒரு வேன், எட்டுப் பெண்கள் என்று லாண்டரி நடத்துகிறாள். கடற்கரையை ஒட்டிய பெரிய ஹோட்டல் ஒன்று அவளோடு மூன்று வருஷ ஒப்பந்தம் போட்டிருந்தது. ஒரு வருஷம்கூட ஆகவில்லை, ஹோட்டல் முதலாளியின் மச்சான் சொந்தமாக லாண்டரி திறந்தார்.

"ஒப்பந்தத்த இத்தோட முடிச்சிக்கலாம்மா" என்றார் மேனேஜர்.

"மூணு மாச நோட்டீஸ் குடுங்க சார். அதுல அப்டித்தான் எழுதியிருக்கு."

நோட்டீஸ் வரவில்லை, போலீஸ் வந்தது. ஹோட்டலின் நானூறு விரிப்புகளை அமுக்கிவிட்டாள் என்று புகார், நம்பிக்கை மோசடி என்று எஃப்.ஐ.ஆர். வேனை ஸ்டேஷனுக்கு எடுத்துப் போனார்கள். திருப்பிக் கொடுத்த ஒவ்வொரு கட்டுக்கும் ஹோட்டல் ஆள் கையெழுத்துப் போட்ட சலான் புத்தகத்தை அவள் நீட்டினாள். சப்-இன்ஸ்பெக்டர் அதைத் திறந்துகூடப் பார்க்கவில்லை.

பதினொரு தடவை கூப்பிட்டார்கள். பதினொரு தடவையும் ஒரே பேச்சுதான். "ஒப்பந்தம் வேணான்னு எழுதிக் குடுத்துடும்மா. கேஸும் போயிடும், வேனும் வந்துடும்."

கணவர் இளஞ்செழியனே தளர்ந்துபோனார். "எழுதிக் குடுத்துத் தொலைச்சிடு நாயகி."

"குடுத்தா நான் திருடின மாதிரி ஆயிடாதாய்யா?" என்று எகிறியவள், மறுநாளே விர்ஜினியின் ஆபீசில் போய் நின்றாள். எஃப்.ஐ.ஆரை ரத்து செய்யக் கேட்டு விர்ஜினி சென்னை உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டார்.

அன்று உயர் நீதிமன்றத்தில் வழக்கு எண்ணைக் கூப்பிட்டதும் அவள் விர்ஜினியை ஒட்டிப் போய் நின்றாள். நீதிபதி நாட்குறிப்பைப் புரட்டினார். கடைசிப் பக்கம்வரை போய், மறுபடி முதல் பக்கத்துக்கு வந்தார். அப்புறம் அதைக் கொண்டுவந்திருந்த ஸ்டேஷன் இன்ஸ்பெக்டரைப் பார்த்துத் தமிழிலேயே கேட்டார்.

"ஹோட்டல் ஸ்டோர் ரூமைப் பாத்தீங்களா?"

"இன்னும் இல்லீங்க ஐயா."

"சலான்ல கையெழுத்துப் போட்டவர விசாரிச்சீங்களா?"

"இல்லீங்க ஐயா."

"இந்தம்மாவ மட்டும் பதினொரு தடவ கூப்பிட்டிருக்கீங்க. விரிப்பத் தேடறீங்களா, இல்ல ஒப்பந்தத்த முறிச்சுக் குடுக்கறீங்களா?"

தையல்நாயகி தன்னை அறியாமல் விர்ஜினியின் கையை இறுக்கிப் பிடித்தாள்.

உத்தரவு மளமளவென்று வந்தது. வேனை உடனே விட வேண்டும். எழுத்தில் நோட்டீஸ் இல்லாமல் அவளைக் கூப்பிடக் கூடாது. வேறொரு உயர் அதிகாரி விசாரித்து நாலு வாரத்துக்குள் நீதிமன்றத்துக்கே அறிக்கை தர வேண்டும். ஒப்பந்தத்தில் தகராறு இருந்தால் அது சிவில் கோர்ட் சமாச்சாரம், ஸ்டேஷனில் பேசித் தீர்ப்பதல்ல.

அடுத்த வாரமே புது அதிகாரி, எஸ்.பி. அமிர்தவல்லி, சலான் புத்தகத்தோடு ஹோட்டலுக்குப் போனார். அடையாளம் காட்டத் தையல்நாயகியும் போனாள். மாடி ஸ்டோரில் பழைய மெத்தைகளை நகர்த்தியதும் வெள்ளைக் கட்டுகள் அடுக்கடுக்காகத் தெரிந்தன.

"மேடம், நான் மடிச்சது! மூலையில பாருங்க, எங்க பச்ச நூல் தையல்!"

ஒவ்வொன்றாக எண்ணினார்கள். முந்நூற்றுத் தொண்ணூறைத் தாண்டியபோது மேனேஜர் மெல்ல வெளியே நழுவப் பார்த்தார். "நீங்க இங்கியே இருங்க" என்றார் எஸ்.பி. எண்ணிக்கை நானூறைத் தொட்டது.

அறிக்கையைப் படித்த நீதிமன்றம் எஃப்.ஐ.ஆரை ரத்து செய்தது. விர்ஜினி போனில் சொன்னபோது தையல்நாயகி மிஷின்களுக்கு நடுவில் நின்றிருந்தாள். சத்தத்தில் பாதிதான் கேட்டது. ஒவ்வொரு மிஷினாக நிறுத்திவிட்டு, "இன்னொரு வாட்டி சொல்லுங்க மேடம்" என்று போனை ஸ்பீக்கரில் போட்டாள். எட்டுப் பெண்களும் ஓடிவந்து சூழ்ந்துகொண்டார்கள்.