இடைவேளைக்குப் பின்னும் இருந்த எங்கள் அக்காள்

அக்காளின் இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் சொந்தங்களுக்கும் சிநேகிதர்களுக்கும் தம்பி வணக்கம் சொல்லி எழுதுவது. நான் மூன்றாம் வகுப்பைத் தாண்டாதவன். ஆனாலும், மழை பெய்தால் கம்பம் சாய்கிற கரிசலில் டூரிங் கொட்டகை ஊன்றி, கோவில்பட்டி வட்டாரத்தையே உட்காரவைத்துப் படம் காட்டியவன். அக்காளைப் பற்றி எழுத எனக்கு மேல் ஆள் கிடையாது.

அக்காள் இடைசெவலில் பிறந்தார்கள். பருத்திக் காட்டில் பாடிய குரல் அவர்களை நாடகத்துக்கு இழுத்துப்போயிற்று, நாடகம் மதராசுக்கு. கதாநாயகனுக்கு ஜோடியானார்கள். என் கொட்டகைத் திரையில் அந்த முகம் வெடித்த பருத்தி மாதிரி இருட்டில் மிதக்கும்.

முப்பத்தைந்து தாண்டியதும், அதே கதாநாயகனுக்குத் தாயாராக நடிக்கக் கூப்பிட்டார்கள். அவரோ அக்காளுக்கு மூத்தவர். அவர் தலைக்குக் கறுப்பு மை, அக்காள் தலைக்கு வெள்ளைப் பவுடர். அதற்குப் பிறகு எல்லாப் படத்திலும் தாயார்தான். எல்லாத் தாயாரும் இடைவேளைக்குள் இறந்துவிடுவார்கள். என் கொட்டகையில் முறுக்கு விற்கிறவன், “அண்ணாச்சி, அம்மா செத்தாச்சா, தட்டைத் தூக்கட்டா?” என்பான்.

சாவுக் காட்சி எடுத்ததும், தோஷம் தட்டாமலிருக்க, எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்வது சினிமா வழக்கம். “சிரிச்சதை வெட்டிப்போட்டுட்டு, செத்ததை மட்டும் ஊரு ஊராக் காட்டுதானுவ” என்பார்கள் அக்காள். படம் முடிகிற வரைக்கும் உயிரோடிருக்கும் ஒரு பெரிய மனுஷியாக ஒருமுறையாவது நடிக்க வேண்டும், அதுதான் அவர்களுடைய ஒரே ஆசை.

எண்பதுகளில் ஓர் இளம் இயக்குநர் எங்கள் காட்டிலேயே படமெடுக்க வந்தார். அக்காளுக்கு வெகுநாளாக வாய்ப்பில்லை. இதையும் விட்டால் வேறில்லை. கதையைக் கேட்டுவிட்டு அக்காள், சாக முடியாது என்றார்கள்.

“அம்மா, நீங்க செத்தாத்தான் மகன் திருந்துவான். கதையே அதுதான்.”

“அவன் திருந்த நான் எதுக்குத் தம்பி சாவணும்? உயிரோட இருந்து பாக்குதேன், திருந்துதானான்னு.”

இயக்குநர் எழுந்து போய்விட்டார். நான் சமாதானம் பேசப் பின்னால் ஓடினேன். “ஏலே, சும்மா கெட” என்றார்கள் அக்காள். பாதி வழியில் திரும்பி வந்துவிட்டேன்.

மறுநாள் அவரே திரும்பி வந்து, தாயார் சாக வேண்டாம், கடைசிக் காட்சியில் மகனை விட்டு நடந்து போனால் போதும் என்றார். அக்காள் பவுடர் பூசவில்லை. சொந்த நரையோடு, மடி நிறையப் பருத்தியோடு, கூப்பிடும் மகனைத் திரும்பிப் பாராமல் கானலுக்குள் நடந்தார்கள். கால் தரையில் படுகிறதா என்றே தெரியவில்லை. ஃபிலிம் தீருகிற வரை யாரும் நிறுத்தச் சொல்லவில்லை.

அக்காள் போய் ஓராண்டாகிறது. படுக்கையில் இருந்த நாளெல்லாம் இளநீரோடு வந்த பஜார் பாய்க்கும், மாறிமாறித் துணையிருந்த புதூர் மதினிமாருக்கும், அந்த இயக்குநர் தம்பிக்கும் எங்கள் குடும்பம் என்றென்றும் கடமைப்பட்டது.

அந்தப் படம் என் கொட்டகைக்கு வந்த அன்று, முடிந்த பிறகும் பெண்கள் பக்கம் ஒருவரும் மணலைவிட்டு எழவில்லை. “அந்த அம்மா இப்ப எங்கன போயிட்டு இருப்பாவ?” என்று ஒருத்தி பக்கத்தில் இருந்தவளிடம் கேட்டாள். படம் காட்டும் மெஷின் விளக்கை அணைக்கப் போன ஆபரேட்டர் கையைப் பிடித்துக்கொண்டேன். வெறும் திரையில் வெளிச்சம் ஓடிக்கொண்டிருந்தது. எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தோம்.