அந்தோணி சாருக்கு ஞாபகம் இருந்தது

போன வாரம் ஒரு தீர்ப்பு வந்தது. நிலம் அளக்க லஞ்சம் வாங்கிய சர்வேயருக்குச் சிறை. பேப்பரில் மூலையில் சின்னச் செய்தி. நீங்கள் புரட்டிவிட்டுப் போயிருப்பீர்கள். நான் இரண்டு முறை படித்தேன். வழக்கின் முக்கிய சாட்சி, அல்லிநகரத்தில் என் பக்கத்து வீட்டுக்காரர் — அந்தோணி சார்!

பெரியகுளத்தில் ஓர் அரசு அலுவலகத்தில் உதவியாளர். சாதுவான மனிதர். ஹோட்டல் சாம்பாரில் ஈ கிடந்தால், சர்வர் மனம் நோகுமே என்று ஓரமாக ஒதுக்கிவிட்டுச் சாப்பிடுகிற ரகம்.

இவர் எப்படி இதில் மாட்டினார்? லஞ்ச ஒழிப்புப் போலீஸார் பொறி வைக்கும்போது, வேறு துறை ஊழியர் ஒருவரைச் சாட்சியாக அழைத்துப்போவார்கள். நோட்டு கையில் இருந்தது என்பது மட்டும் கோர்ட்டுக்குப் போதாது. அதிகாரி கேட்டார், வாங்கினார் என்று சொல்ல ஓர் ஆள் வேண்டுமே?

“ஆபீஸ்ல போகச் சொன்னாக, ட்ரெய்னிங்னு நினைச்சுல்ல சார் போனேன்!” என்பார் பாவம்.

புகார் கொடுத்தவர் செல்வி. கம்பம் பக்கம் சின்னத் திராட்சைத் தோட்டம். அதை அளக்கச் சொல்லி நடையாய் நடந்து சலித்தவர். போலீஸ் சொல்லிக்கொடுத்தபடி, சாரைத் தன் சொந்தக்காரர் என்று சொல்லி சர்வேயரிடம் கூட்டிப்போனார். சர்வேயர் கேட்டார். ரசாயனம் தடவிய நோட்டுகளை வாங்கினார். அடுத்த நிமிடம் போலீஸ் உள்ளே. அவர் விரல் நனைத்த தண்ணீர் ரோஸ் கலரானது.

சர்வேயர் போலீஸை முறைக்கவில்லை. சாரைத்தான் பார்த்தார்.

“நீங்களும் கவர்மென்ட் ஆளுதானா சார்?”

என்னமோ சொந்தத் தம்பியே காட்டிக்கொடுத்த மாதிரி!

சில வருடங்கள் கழித்து சம்மன் வந்தது. பின்னாலேயே சர்வேயரின் மச்சானும் வந்தார்.

“பொய் சொல்ல வேணாம் சார். ஞாபகம் இல்லைன்னு மட்டும் சொல்லுங்க. அவுகளுக்கு ரெண்டும் பொம்பளப் பிள்ளைக...”

சார் ஆடிப்போய் என்னிடம் வந்தார். “அந்தப் பிள்ளைக என்ன பாவம் பண்ணுச்சுக? நான் என்ன செய்யட்டும்?”

வாராவாரம் இந்தப் பத்தியில் ஊருக்கே புத்தி சொல்கிற நான் என்ன சொன்னேன் தெரியுமா? “யோசிச்சுச் செய்யுங்க.”

கோர்ட்டுக்கு நானும் துணைக்குப் போனேன். வராந்தாவில் செல்வி நின்றிருந்தார்.

“வந்துட்டீகளா! நீங்க வர மாட்டீகன்னுல்ல சொன்னாக.”

“இடத்தை அளந்தாச்சாம்மா?” சார் தயக்கமாகக் கேட்டார்.

“எங்கிட்டு? புகார் குடுத்தவன்னு எந்தச் சர்வேயரும் அங்கன எட்டிக்கூடப் பாக்கல. கேஸு முடியட்டும்ங்கிறாக.”

சாரின் முகம் மாறியது.

கூண்டில் ஏறியதும் எதிர்த்தரப்பு வக்கீல் பிடித்துக்கொண்டார். “இத்தனை வருஷம் கழிச்சு, அன்னைக்குப் பேசுனதெல்லாம் உங்களுக்கு ஞாபகம் இருக்காக்கும்?”

“இருக்குங்க.” சார் கைக்குட்டையால் நெற்றியைத் துடைத்துக்கொண்டார். “மறக்கத்தான் ரொம்பப் பாடுபட்டேன்... முடியல.”

கோர்ட்டே சிரித்தது. சார் சிரிக்கவில்லை. கேட்டதையும் பார்த்ததையும் ஒன்று விடாமல் சொல்லிவிட்டு, சட்டை நனைய இறங்கினார்.

தீர்ப்பு வந்த பிறகு அவர் அலுவலகத்தில் யாரும் அவரை டீக்குக் கூப்பிடுவதில்லையாம். நாம் விசித்திரமானவர்கள். வாங்கி மாட்டியவர் நமக்கு ‘பாவம்’. பார்த்ததைச் சொன்னவரோ ‘ஒரு மாதிரியான ஆள்’!

“வருத்தமா சார்?” என்று நேற்றுக் கேட்டேன்.

“இல்லாமலா?” என்றவர், சட்டென்று சிரித்துவிட்டார். “செல்வி போன் போட்டுச்சு சார். புதுச் சர்வேயர் வந்து அளந்துட்டுப் போனாகளாம். வெயில்ல நிக்கிறாகளேன்னு அந்தம்மா மோரை நீட்டியிருக்கு... பதறிப்போய் ரெண்டு கையையும் பின்னால கட்டிக்கிட்டாகளாம்!”