பக்கத்து சீட்டு பிரேக்

டிரைவிங் மாஸ்டருக்குப் பொதுவாகவே மனிதர்களைப் பிடிக்காது. கார் ஓட்டக் கற்றுக்கொள்ள வருகிறவர்களைக் கொஞ்சமும் பிடிக்காது. "ரெண்டு கண்ணும் முன்னாடிதானே இருக்கு? அப்புறம் எதுக்கு கியரையே குனிஞ்சு பாக்கிறீங்க?" என்று ஒரு பேங்க் மேனேஜரைக் கேட்டார். ஸ்டியரிங்கை ஆட்டிய பல் டாக்டரிடம், "பல்லைப் பிடுங்கும்போதும் இப்படித்தானா?" என்றார். அழுதவர்களும் உண்டு. அப்போது கண்ணாடி துடைக்கிற துணியை எடுத்து நீட்டுவார். அதற்கு மேல் ஆறுதல் அவரிடம் கிடையாது.

ஆனாலும் ஆட்கள் வந்தபடி இருந்தார்கள். பயிற்சிக் காரில் மாஸ்டர் உட்காருகிற பக்கத்து சீட்டின் கீழேயும் ஒரு பிரேக் உண்டு. அவருடைய வலது கால் எப்போதும் அதன் மேல், தொட்டும் தொடாமலும் நிற்கும். அந்தக் காலின் ஷூ மட்டும் சீக்கிரம் தேய்ந்துவிடும். எத்தனையோ வருட வேலையில் அவருடைய வண்டி ஒரு சுவரைக்கூட உரசியதில்லை. ஸ்டியரிங்கில் எந்த மடையன் உட்கார்ந்தாலும் நாம் நிறுத்திவிடலாம் என்பது அவருக்கு அனுபவம் கொடுத்த நம்பிக்கை.

அவரும் மனைவியும் ஒரு பழைய வீட்டின் கீழ்த்தளத்தில் வாடகைக்கு இருந்தார்கள். இரண்டு அறை, ஒரு சமையலறை, கார் நிற்க முன்னால் கொஞ்சம் இடம். பயிற்சிப் பள்ளியின் போர்டு அந்த கேட்டில்தான் தொங்கியது. ஆட்கள் விலாசம் கேட்டு வருவதும் அங்கேதான். மனைவிக்கு ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் ஊசி குத்தி ரத்தம் எடுக்கிற வேலை. இருவருக்கும் பிள்ளை இல்லை. வீட்டுக்காரர் விற்கப்போவதாகச் சொன்னபோது, முதலில் இவர்களுக்குத்தான் என்று வாக்கும் கொடுத்து, ஒரு வருடம் தவணையும் கொடுத்தார். அவர் சொன்ன விலை அவர்களுடைய சேமிப்புக்கு ஏறக்குறைய எட்டுகிற தூரத்தில் இருந்தது.

அந்த வருடம்தான் பேட்டரி கம்பெனி ஷேர் ஏற ஆரம்பித்தது.

அதை வீட்டுக்குள் கொண்டுவந்தவர் மாஸ்டரின் சகலை, மனைவியின் அக்கா கணவர். விளக்குக்கடை வைத்திருந்தார். கடை முழுக்கப் பகலிலும் எரிகிற தொங்கு விளக்குகள். அவர் முகத்திலும் அந்த வெளிச்சம் கொஞ்சம் ஒட்டிக்கொண்டே இருக்கும். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் வருவார்.

"சகலை, நேத்து ராத்திரி படுத்து காலையில எந்திரிச்சேன். அதுக்கே உங்க ஒரு மாச வரும்படி வந்துடுச்சு."

"தூங்கினதுக்கே வருதுன்னா எந்திரிக்காமலே இருந்திருக்கலாமே."

"இப்படியே பேசிட்டு அடுத்தவன் ஓட்ட பக்கத்துல உக்காந்திருங்க."

மாஸ்டர் அவ்வளவு விவரம் தெரியாதவர் இல்லை. அந்தக் கம்பெனிக்கு இருப்பது ஒரே தொழிற்சாலை. போன வருடம் செய்த அளவுதான் இந்த வருடமும் பேட்டரி செய்தது. லாபம் அதேதான். ஷேர் விலை மட்டும் நான்கு மடங்காகியிருந்தது. சிக்னலில் வண்டியை நிறுத்திவிட்டு போனில் விலை பார்த்த ஒரு மாணவரிடம் அவர் சொன்னார்: "கம்பெனி நல்ல கம்பெனிதான். யாரு இல்லைன்னா? நேத்து வாங்கினவன் பணக்காரனாயிட்டான்னு இன்னிக்கு நீங்க வாங்குறீங்க. உங்களைப் பாத்து நாளைக்கு ஒருத்தன் வாங்குவான். நாளைக்கு ஒருத்தன் வரலைன்னா? அன்னிக்குத் தெரியும். பச்சை விழுந்துடுச்சு, வண்டியை எடுங்க."

இப்படிச் சொன்னவர் அதை வாங்கினார் என்றால் அதற்கு வீடுதான் காரணம்.

ஷேரில் சம்பாதித்தவர்கள் அடுத்ததாக வீடு தேட ஆரம்பித்தார்கள். தெருவில் இரண்டு வீடுகள் யாரும் கேள்விப்படாத விலைக்குப் போயின. வீட்டுக்காரர் வந்து, பழைய விலையோடு அதில் பாதியையும் கூட்டிச் சொன்னார். "எல்லார் கையிலயும் காசு புரளுது. நான் மட்டும் பழைய விலைக்குக் குடுத்தா என்னை என்னன்னு சொல்வாங்க?"

அவர் போன பிறகு மனைவி சொன்னாள்: "காத்திருக்கலாம். ஏறினது இறங்கும்னு ஊருக்கெல்லாம் சொல்றீங்க. ஷேர் இறங்கினா வீடும் இறங்கும்."

"அதுக்குள்ள வேற எவனாவது வாங்கிட்டா?"

"அப்போ வேற வீடு."

"இந்த கேட்டைத் தேடி வர்றவன் வேற எங்க போவான்?"

அவருடைய கணக்கு இதுதான். இது ஊதிப்போன விலை, விழத்தான் போகிறது. அது தெரியாதவன்தான் மாட்டுவான். தெரிந்தவன் கொஞ்ச தூரம் போய்விட்டு இறங்கிக்கொள்ளலாம். சேமிப்பு முழுவதையும் ஷேரில் போட்டுவிட்டு, விலை பத்தில் ஒரு பங்கு குறைந்தால் தானாக விற்றுவிட வேண்டும் என்று புரோக்கர் ஆபீசில் ஓர் உத்தரவு போட்டு வைத்தார். விலை ஏற ஏற அந்த எல்லையையும் மேலே ஏற்றிக்கொண்டே போனார். "பிரேக் மேல கால் வச்சுக்கிட்டுத்தான் போறேன்" என்றார் மனைவியிடம். சேமிப்பில் பாதிக்கு மேல் அவள் சம்பளம். அன்றிலிருந்து அவருக்கு டீ மட்டும் ஆறித்தான் வந்தது.

விலை ஏறியது. அவர் நினைத்ததைவிட வேகமாகவே ஏறியது. ஒரு நாள் கணக்குப் பார்த்தபோது வீட்டின் புது விலை கைக்கு வந்திருந்தது. பத்திரப் பதிவுச் செலவுக்கு மட்டும் கொஞ்சம் குறைந்தது.

"போதும், வித்துடுங்க" என்றாள் மனைவி. "பதிவுச் செலவுக்கு அக்காகிட்ட கேக்கிறேன்."

"விளக்குக்கடையில கைநீட்டவா? அந்த ஆளு சாகுற வரைக்கும் சொல்லிக்காட்டுவான். ஒரு வாரம் பொறு. மிச்சமும் இதுலேயே வந்துடும்."

"விழும்னு சொன்னீங்க."

"விழும். இந்த வாரம் விழாது."

எப்படித் தெரியும் என்று அவள் கேட்டாள். பிரேக் இருக்கிறது என்றார்.

அந்த வாரத்தின் ஒரு காலை, தையல்கடை நடத்துகிற ஒரு பெண்ணுக்கு மேம்பாலத்து ஏற்றத்தில் வண்டியை நிறுத்தி எடுக்கக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருந்தார். வண்டி ஒவ்வொரு முறையும் பின்னால் உருண்டது. அவர் காலை அழுத்தினார், நின்றது. டேஷ்போர்டில் அவருடைய போன் துடித்துக்கொண்டே இருந்தது.

"மாஸ்டர், போன் விடாம அடிக்குது."

"அது உருளாது. வண்டிதான் உருளுது. அதைப் பாருங்க."

பாலத்திலிருந்து இறங்கி ஓரமாக நிறுத்திய பிறகுதான் போனை எடுத்து, வந்திருந்த செய்திகளைப் படித்தார். பேட்டரி கம்பெனியின் கணக்கைச் சரிபார்த்தவர்கள் அதில் கையெழுத்துப் போட மறுத்துவிட்டார்கள். ஷேர் விழுந்திருந்தது. அவர் அதிரவில்லை. தன்னுடையது விற்றிருக்கும் என்றே நினைத்தார். அடுத்த வரியில், விற்கவில்லை என்று இருந்தது.

புரோக்கர் ஆபீசைக் கூப்பிட்டார். குமாஸ்தா அன்றைக்கு ஐம்பது பேருக்குச் சொன்னதை இவருக்கும் சொன்னார். ஒரு நாளில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் விலை விழக்கூடாது என்று சந்தையில் ஒரு கட்டுப்பாடு. காலையில் திறந்ததே அந்த அடிமட்டத்தில்தான்.

"நான் போட்ட விலை என்னாச்சு?"

"அந்த விலையில இன்னிக்கு வியாபாரமே நடக்கல சார். நேத்து அதுக்கு மேல முடிஞ்சுது, இன்னிக்கு அதுக்குக் கீழ திறந்துது. நடுவுல நிக்கவே இல்ல."

"சரி, கிடைக்கிற விலைக்குப் போடுங்க."

"போட்டாச்சு. உங்களுக்கு முன்னாடி ஒரு ஊரே வரிசையில நிக்குது. எல்லாரும் விக்கிறாங்க. வாங்கத்தான் ஆள் இல்ல."

மறுநாளும் ஆள் இல்லை. அதற்கு மறுநாளும் இல்லை. பல நாள் கழித்து ஒருவழியாக யாரோ வாங்க வந்தபோது, போட்டதில் மூன்றில் ஒரு பங்கு திரும்பியது.

ஷேர் விழுந்த வாரம் அவருடைய வண்டியில் ஏறியவர்கள் பாவம். ஏற்றத்தில் திட்டினார், இறக்கத்தில் திட்டினார், சும்மா நின்ற வண்டியிலும் பிரேக்கை மிதித்தார். தையல்கடைப் பெண் மிச்சப் பாடங்களுக்கு வரவே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை சகலை வந்தார். முகத்தில் வெளிச்சம் குறையவில்லை.

"உங்களுது?" என்றார் மாஸ்டர்.

"நான் ரெண்டு வாரம் முன்னாடியே வெளிய வந்துட்டேன்."

"போன ஞாயித்துக்கிழமை இங்க உக்காந்து இன்னும் ஏறும்னு சொன்னீங்க."

"ஏறிச்சே. நான் விக்கப்போறேன்னு மைக் போட்டுச் சொல்ல முடியுமா சகலை? நான் விக்கணும்னா ஒருத்தன் வாங்கணும்."

மனைவி உள்ளே இருந்து வந்தாள். "அப்படி வாங்கினவங்க இவரை மாதிரி ஆளுங்கதான் மாமா. அதையும் சொல்லிட்டுப் போங்க."

"அடேயப்பா, நானா இவரை வாங்கச் சொன்னேன்? எனக்கு எல்லாம் தெரியும்னு சொன்னது யாரு?"

சகலை டீயைக் குடித்துவிட்டுப் போனார். அவருக்கு மட்டும் அது சூடாக இருந்தது. வீட்டுக்கு வந்தவர் அல்லவா.

அவர் போன பிறகு மாஸ்டர் சொன்னார்: "நான் பிரேக் போடும்போது வாங்கிக்க ஒரு முட்டாள் இருப்பான்னு நெனச்சேன்."

"இருந்தான்" என்றாள் மனைவி. "அவன்தான் முன்னாடியே வாங்கிட்டு வீட்ல உக்காந்திருந்தானே."

ஷேரில் பணம் போனவர்கள் வீடு வாங்குவதை விட்டுவிட்டு வீட்டை விற்க வந்தார்கள். சில மாதங்களில் தெருவில் கேட்டுக்குக் கேட்டு 'விற்பனைக்கு' என்று அட்டை தொங்கியது. வீட்டுக்காரருக்கும் ஷேரில் அடி. அவர் அவசரப்பட்டார். கடைசியில் அவர் இறங்கி வந்த விலை, முதன்முதலில் சொன்னதைவிடவும் குறைவு. பழைய சேமிப்பு அப்படியே இருந்திருந்தால் பதிவுச் செலவும் போய் மிச்சம் இருந்திருக்கும். இதை மனைவி ஒருமுறைகூட வாய்விட்டுச் சொல்லவில்லை. தட்டு வைக்கிற சத்தத்திலேயே சொன்னாள்.

வீட்டை வாங்கியது விளக்குக்கடைக்காரர். கையில் ரொக்கத்தோடு இருந்தவர் அந்த வட்டாரத்தில் அவர் ஒருவர்தான்.

"நீங்க எங்கேயும் போக வேண்டாம்" என்றார் மிகவும் பெருந்தன்மையாக. "வாடகை மட்டும் மாசம் பொறந்தா கடைக்கு வந்து குடுத்துடுங்க. சகலைதானே, கொஞ்சம் குறைச்சுக்கிறேன்."

மாஸ்டர் வாயைத் திறந்தார். இருந்துகொள்கிறோம் என்றுதான் சொல்லியிருப்பார்; கேட்டும் போர்டும் அவர் கண்ணில் நின்றன. மனைவி முந்திக்கொண்டாள். "மாசக் கடைசியில காலி பண்றோம் மாமா."

ஊர்க் கோடியில் ஒரு மாடி அறை கிடைத்தது. கார் தெருவில்தான் நிற்க வேண்டும். சாமான்கள் லாரியில் போன பிறகு, சாவி வாங்க வந்த விளக்குக்கடைக்காரர் உள்ளே நுழைந்து சுவிட்சைத் தட்டினார். எரியவில்லை. அடுத்த அறையிலும் எரியவில்லை. சமையலறை, கழிவறை, வாசல், எதிலும் பல்ப் இல்லை. மனைவி ஸ்டூல் போட்டு ஒவ்வொன்றாகக் கழற்றித் துணியில் சுற்றி வைத்திருந்தாள்.

"என்னம்மா இது?"

"எல்லாம் உங்க கடையில காசு குடுத்து வாங்கினது மாமா. உறவுன்னு பத்து பைசா குறைக்கல. வேணும்னா கடையில இருந்து கொண்டாந்து போட்டுக்கங்க."

சாவியை ஜன்னல் விளிம்பில் வைத்துவிட்டு, பல்ப் மூட்டையை மடியில் வைத்தபடி காரில் ஏறினாள். மாஸ்டர் ஓட்டுகிற சீட்டில் உட்கார்ந்தார். கேட்டிலிருந்து கழற்றிய போர்டு பின் சீட்டில் கிடந்தது. வண்டி நகர்ந்தது. கேட்டைத் தாண்டும்போது சட்டென்று நின்றது. மாஸ்டரின் நெற்றி ஸ்டியரிங்கில் இடிக்கப் பார்த்தது. அவருடைய கால் பிரேக்கில் இல்லை.

பக்கத்து சீட்டைப் பார்த்தார். அவளுடைய செருப்புக் கால் கீழே அழுத்தியபடி இருந்தது.

"எதுக்கு?"

"சும்மா. இதாவது வேலை செய்யுதான்னு பாத்தேன்" என்றாள். காலை எடுக்கவில்லை. "போலாம். ஆனா மெதுவா."