டெரோசாரின் வயிற்றில் மீன்

எட்டுக் கோடி வருடத்துக்கு முன்னால் செத்துப்போன ஒரு பிராணியின் எலும்புக்குப் பச்சை வண்ணம் அடிப்பதுதான் போன வருடம் எங்கள் பிழைப்பாக இருந்தது. சொன்னால் யாரும் நம்புவதில்லை. என் மாமியார் இன்னமும் சேலையூர் சர்ச்சில் மாப்பிள்ளை சாஃப்ட்வேர் எழுதுகிறார் என்றுதான் சொல்லிக்கொண்டிருக்கிறார். நானும் திருத்துவதில்லை. திருத்தப் போனால் முதலிலிருந்து விளக்க வேண்டும்.

சிறுசேரி ஐ.டி. பார்க்குக்கு வெளியே, ஒரு சோபா கடையின் மாடியில் எங்கள் ஆபீஸ். வெளிநாட்டு மியூசியம் ஒன்று, பாறைக்குள் புதைந்த எலும்புகளைப் பாறையை உடைக்காமல் அப்படியே சி.டி. ஸ்கேன் எடுத்து எங்களுக்கு அனுப்பும். வெங்காயம் நறுக்கியது போல ஆயிரக்கணக்கான துண்டுப் படங்கள். ஒவ்வொரு படத்திலும் எது எலும்பு, எது கல் என்று மவுஸால் கோடு இழுத்துக் காட்ட வேண்டும். எலும்புக்குப் பச்சை, கல்லுக்குச் சாம்பல். இதைப் பார்த்து ஒரு கம்ப்யூட்டர் கற்றுக்கொள்ளும். அது கற்று முடித்ததும் எங்களை வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். எல்லாம் தெரிந்துதான் செய்கிறோம்.

நான் ஆஸ்டின், பன்னிரண்டு பேருக்கு டீம் லீடர். கதை என்னுடையது இல்லை, என் டீமில் இருக்கும் லோகுவுடையது. என் பங்கும் அதில் உண்டு, மறைக்கப் போவதில்லை.

லோகு என்றால் லோகநாயகி. வயது முப்பத்தொன்பது. கோவளத்து மீனவக் குப்பத்தில் பிறந்தவர். அவருடைய அம்மா பூவம்மாள் இன்றைக்கும் கேளம்பாக்கம் மார்க்கெட்டில் மீன் விற்கிறார். மகள் கூடையைத் தொடக்கூடாது என்று பிடிவாதமாகத் தாம்பரத்தில் காலேஜுக்கு அனுப்பினார். லோகு விலங்கியல் படித்தார். அந்தப் படிப்புக்கு யாரும் வேலை கொடுக்கவில்லை. ஆஸ்பத்திரி பில் டைப் அடித்தார். பிறகு எங்களைப் போன்ற கம்பெனிகளில் சிக்னல் படங்களுக்கும், அழுகிய தக்காளிப் படங்களுக்கும், நுரையீரல் படங்களுக்கும் கோடு இழுத்தார். ஒவ்வொரு கம்பெனியும் இரண்டு வருடத்தில் கையை விரித்தது. கணவர் குணா படகிலிருந்து விழுந்து இடுப்பு உடைந்தபின் கடலுக்குப் போகவில்லை. பெருங்களத்தூரில் ஒரு தண்ணீர் கேன் குடோனைப் பார்த்துக்கொள்கிறார். அதனால் வீடு பீர்க்கன்கரணையில், வாடகைக்கு.

அங்கிருந்து சிறுசேரிக்கு இரண்டு பஸ். காலை ஆறேகாலுக்குக் கிளம்பினால்தான் ஒன்பதுக்கு வந்து சேர முடியும். எங்களைப் போன்ற நிரந்தர ஆட்களுக்குக் கம்பெனி வேன் உண்டு. அந்த வேன் பெருங்களத்தூர் வழியாகத்தான் போகும். லோகு பஸ் ஸ்டாப்பில் நின்றுகொண்டிருப்பார். வேனில் நான்கு சீட் காலியாக இருக்கும். கான்ட்ராக்ட் ஆட்களை ஏற்றக்கூடாது என்பது டிரைவர் சவுரிமுத்துவுக்கு உத்தரவு. நான் ஜன்னலிலிருந்து கையாட்டுவேன், அவரும் ஆட்டுவார். இரண்டு வருடமாக இந்தக் கூத்து நடந்தது. வெட்கக்கேடுதான், ஆனால் மனுஷன் எதற்கும் பழகிவிடுகிறான்.

போன ஜூனில் எங்கள் டீமில் ஒரே ஒரு நிரந்தர இடம் காலியானது. கோடு எவ்வளவு சரி என்று போடும் மதிப்பெண்ணின் மூன்று மாதச் சராசரி தொண்ணூற்றேழுக்கு மேல் இருக்க வேண்டும். லோகு தொண்ணூற்றெட்டில் இருந்தார். அடுத்தவர் தொண்ணூற்றைந்தில். எல்லாரும் அது லோகுவுக்குத்தான் என்றே பேசிக்கொண்டார்கள். நிரந்தரமானால் இன்ஷூரன்ஸ் வரும், குணாவின் இடுப்பைக் காட்டலாம். அதைவிட, வேன். "உக்காந்துகினு வரணும் சார், அது போதும்," என்று ஒருநாள் டீ குடிக்கும்போது சொன்னார்.

அந்தச் சமயத்தில்தான் பி-பதினேழு வந்தது. அது ஒரு டெரோசார். டைனோசர் காலத்தில் பறந்த ஊர்வன இனம். டைனோசரும் இல்லை, பறவையும் இல்லை. இறக்கையை விரித்தால் ஆறு மீட்டர், எங்கள் சோபா கடை ஷட்டரை விட அகலம். அந்த முழு இறக்கையையும் ஒரே ஒரு விரல் தாங்குகிறது. நான்காவது விரல் மட்டும் மூங்கில் கழி போல நீண்டு, அதன் நுனியிலிருந்து உடம்பு வரை தோல் இழுத்துக் கட்டியிருக்கும். மற்ற மூன்று விரலும் சும்மா தொங்கும். எங்கள் ஆபீஸ் போலத்தான் என்று நான் சொன்னேன், யாரும் சிரிக்கவில்லை. எலும்போ உள்ளே வெறும் காற்று, சுவர் அப்பளம் கனம். அவ்வளவு பெரிய உடம்பு மேலே எழும்ப வேண்டுமே. அந்த மெல்லிய சுவரைக் கல்லிலிருந்து பிரித்துக் கோடு இழுப்பதற்குள் கண் அவிந்துவிடும்.

லோகுவுக்கு வயிற்றுப் பகுதி கொடுத்திருந்தேன். அறுநூறு படங்கள். அந்தப் பகுதிக்கு மியூசியம் ஒரு விதி எழுதி அனுப்பியிருந்தது. விலா எலும்புகளுக்கு நடுவே தனித்தனியாகக் கிடக்கும் சின்னத் துணுக்குகள் எல்லாம் கல் பிசிறு, சாம்பல் அடிக்கவும். லோகு அவற்றுக்குப் பச்சை அடித்தார்.

தரம் பார்க்கிற ஜாஸ்மின் முதல் நாற்பது படத்திலேயே அதைப் பிடித்துவிட்டாள். கெட்டிக்காரப் பெண், விதி தவறினால் கடவுளுக்கும் மார்க் குறைப்பாள். "லோகு அக்கா, கைடுலைன் படிச்சீங்களா? இதெல்லாம் கல்லு," என்றாள்.

"கல்லு இல்ல ஜாஸ்மின், மீனு," என்றார் லோகு.

ஆபீஸ் சிரித்தது. நான் அவரைத் தனியே கூப்பிட்டு, கூழுக்கும் ஆசை மீசைக்கும் ஆசை என்றால் நடக்காது, இந்த ஒரு மாதம் சொன்னபடி சாம்பல் அடியுங்கள், வேலை நிரந்தரமாகட்டும், அப்புறம் உண்மையைச் சொல்லலாம் என்றேன். தலையாட்டிவிட்டுப் போனார். அன்று மாலை வரை அவர் திரையில் ஒரே படம்தான் இருந்தது. கிளம்பும்போது, "சாம்பல் அடிக்கக் கை வரல சார்," என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் ஒரு மாத்திரை டப்பாவைக் கொண்டுவந்து என் மேஜையில் திறந்தார். பஞ்சு மேல் ஒரு மீனின் நடுமுள். கழுவி, வெயிலில் காயவைத்து, வாசனை வராமல் பவுடர் கூடப் போட்டிருந்தார். மைக்ரோவேவ் மேலே 'மீன், கருவாடு கொண்டுவரக் கூடாது' என்று நோட்டீஸ் ஒட்டியிருக்கும் ஆபீஸ் அது. இரண்டு வருடமாக அவர் சாம்பார் சாதம் தவிர வேறு கொண்டுவந்து நான் பார்த்ததில்லை.

"இத பாருங்க சார். ஒவ்வொரு கணுவும் உடுக்கை மாதிரி கீதா? ரெண்டு பக்கமும் அகலம், நடுவுல ஒடுக்கம். இப்ப ஸ்க்ரீன்ல ஒவ்வொரு படமா தள்ளுங்க."

தள்ளினேன். ஒரு வளையம் தெரிந்தது. அடுத்தடுத்த படங்களில் அது சுருங்கிப் புள்ளியானது, மறுபடி விரிந்து வளையமானது. மறுபடி சுருங்கியது. வரிசையாக முப்பது தடவைக்கு மேல்.

"இன்னா சார், கல்லு எங்கனா இப்டி கணக்கா வருமா?" என்றார். ஆபீஸில் எப்போதும் அடக்கிப் பேசுகிறவருக்குக் குப்பத்துப் பேச்சே வந்துவிட்டது.

அப்போதும் நான் எதிர்வாதம் செய்தேன். டீம் லீடர் என்றால் செய்யத்தானே வேண்டும். மீனே என்றாலும், கடலடியில் எங்கேயோ செத்த மீன் இதன் பக்கத்தில் படிந்திருக்கலாமே, வயிற்றுக்குள்தான் இருந்தது என்று எப்படிச் சொல்ல முடியும்?

"நம்பர் ஏற ஏற வளையம் பெருசாவுது பாருங்க. அலகுலேர்ந்து வாலு பக்கம் தானே நம்பர் போட்டுகிறாங்க? மீனு முள்ளு வாலு பக்கம் சிறுத்துகினே போவும். அப்ப மீனோட வாலு இதோட வாய் பக்கம் கீது, தல உள்ளாற கீது. ஒண்ணு இல்ல, நாலு மீனு, நாலும் அப்டியே. முட்டுக்காட்டுல நீர்க்காக்கா மீன் புடிச்சா பாத்துகிறீங்களா? தூக்கிப் போட்டுத் திருப்பி, தல முன்னாலதான் முழுங்கும். வாலு முன்னால போனா முள்ளு தொண்டையில குத்திகினு நின்னுடும். தானா படிஞ்ச மீனுன்னா நாலும் ஒரே பக்கமா திரும்பிப் படுக்குமா சார்?"

முதல் படத்திலிருந்து மறுபடி தள்ளிப் பார்த்தேன். நாலும் ஒரே பக்கம்தான். எட்டுக் கோடி வருடத்துக்கு முன்னால் ஒரு காலைப்பொழுதில் அது சாப்பிட்ட சாப்பாட்டை, பீர்க்கன்கரணையிலிருந்து இரண்டு பஸ் ஏறி வந்த ஒரு பெண் கண்டுபிடித்திருக்கிறார். இத்தனை வருடத்தில் அந்த வேலை எனக்குப் பிடித்த ஒரே நிமிடம் அதுதான்.

மியூசியத்திடம் ஒரு தொகுப்புக்கு மூன்று கேள்விதான் கேட்கலாம். மூன்றும் முடிந்துவிட்டது. இருந்தும் நான்காவதாக இதை எழுதி அனுப்பினேன். அது புதன்கிழமை. மதிப்பெண் பட்டியலை மேலே அனுப்பக் கடைசி நாள் வெள்ளி மாலை ஆறு மணி.

வியாழன் மதியம் வரை பதில் இல்லை. ஜாஸ்மின் விதிப்படி கணக்குப் போட்டு லோகுவின் தாளைக் கொண்டுவந்தாள். சராசரி தொண்ணூற்றொன்றுக்கு இறங்கியிருந்தது. மற்றவர்கள் தாளெல்லாம் தயார். மானேஜர் பத்ரி இரண்டு தடவை போன் செய்து பட்டியல் என்னாச்சு என்று கேட்டார். அவசரம் என்று சொல்லவில்லை, கேட்டார், அவ்வளவுதான். எனக்குத் தலை வலித்தது. முந்தின ராத்திரி முழுக்க என் பையனுக்குக் காய்ச்சல். பதில் வரவா போகிறது, நான்காவது கேள்விக்கு யார் பதில் எழுதுவார்கள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அனுப்பு என்ற பொத்தானை அழுத்தினேன். அழுத்தியதும் ஒரு நிம்மதி வந்தது. அந்த நிம்மதியை நினைத்தால் இப்போது என் மேலேயே எனக்கு எரிச்சல் வருகிறது.

வெள்ளிக்கிழமை காலை ஆபீஸுக்கு வந்தால் பதில் காத்திருந்தது. மீன்தான், சந்தேகமே இல்லை. நாங்கள் எழுதிய விதி தவறு, மன்னிக்கவும். 'வயிற்றில் இருந்தவை' என்று புதிதாக ஒரு மஞ்சள் வண்ணம் சேர்க்கிறோம். எல்லாப் படங்களையும் மறுபடி பார்க்கவும். இதைக் கண்டவர் உங்களிடம் இருப்பது எங்கள் அதிர்ஷ்டம்.

பத்ரியிடம் ஓடினேன். அவர் நல்ல மனிதர்தான், கையைப் பிசைந்தார். பட்டியல் நேற்றே ஹெச்.ஆருக்குப் போய்விட்டது, அங்கே பூட்டிவிட்டார்கள், தொண்ணூற்றைந்துக்காரருக்கு விதியைத் தளர்த்தி ஆர்டரும் அடித்துவிட்டார்கள் என்றார். அடுத்து ஆறு மாதம் கழித்துத்தான். "லோகுவை எல்லாருக்கும் மீன் எலும்பு பத்தி ஒரு டிரெய்னிங் எடுக்கச் சொல்லுங்க ஆஸ்டின். சர்டிஃபிகேட் மாதிரி ஏதாவது குடுத்துடலாம்."

லோகுவைப் பேன்ட்ரிக்குக் கூப்பிட்டு முதலில் மியூசியத்தின் பதிலைக் காட்டினேன். இரண்டு தடவை படித்தார். முகம் மலர்ந்தது. "அம்மாகிட்ட சொல்லணும் சார்," என்றார். ஜாஸ்மின் வந்து, "சாரி அக்கா," என்று அவர் கையைப் பிடித்துவிட்டுப் போனாள். அதற்கப்புறம்தான் பட்டியல் விஷயத்தைச் சொன்னேன்.

டம்ளரில் மிச்சமிருந்த டீயைத் தொட்டியில் கொட்டினார்.

"கடைசி நாள் இன்னிக்குத்தானே சார்?"

"ஆமா. சாயந்திரம் ஆறு மணி."

"நீங்க எப்ப அனுப்சீங்க?"

பொய் சொல்லியிருக்கலாம். பத்ரி பிடுங்கிக்கொண்டார் என்று சொன்னால் நம்பியிருப்பார். "நேத்து மத்தியானம்," என்றேன்.

"ஏன் சார்?"

பொறாமையோ பகையோ இருந்திருந்தால் அதையாவது சொல்லலாம். அவரைவிட எனக்கு வேண்டியவர் அந்த டீமில் யாரும் இல்லை.

"டயர்டா இருந்துச்சு லோகு. ஒரு வேலை முடிஞ்சாப் போதும்னு இருந்துச்சு."

அவர் சத்தம் போடவில்லை. போட்டிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். டம்ளரைக் கழுவிக் கவிழ்த்தார். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, என்னை நேராகப் பார்த்துச் சொன்னார்:

"எனக்குந்தான் சார் டயர்டா கீது. அதுக்குன்னு நான் மீன கல்லுன்னு போட்டேனா?"