துரைச்சாணி வேஷம்

நான் பிறந்தது மால்டாத் தீவில். அப்பா கப்பலில் சமையல்காரர். அங்கே ஒருத்தியைக் கட்டினார். என்னைப் பெற்ற கையோடு அவள் கண்ணை மூடிவிட்டாள். நான் நடக்கப் பழகுமுன்னரே என்னைத் திருகோணமலைக்குக் கொண்டுவந்து, துறைமுகத்தடியில் குடியிருந்த தன் தமக்கையிடம் கொடுத்துவிட்டு அவர் மறுபடி கப்பலேறினார். நான் மாமி என்று கூப்பிட்ட அந்த மனுசிதான் என் தாய். தமிழைத் தவிர வேறொன்றும் எனக்கு ஒழுங்காக வராது. தோலும் கண்ணும் மட்டும்தான் மால்டாச் சரக்கு.

அந்தத் தோலை வைத்துத்தான் முப்பது வருடத்துக்கு மேல் நடித்தேன். சுதந்திரம் கிடைத்த பிறகு ஊரில் நாடகங்கள் பெருகின. நாடகம் என்றால் அதில் ஒரு வெள்ளைக்காரத் துரைச்சாணி வேண்டும், தொப்பி போட்டு, குடை பிடித்து, வேலைக்காரனைத் திட்ட. உண்மையான துரைச்சாணிகள் வெள்ளைக்காரனின் கடற்படைத்தளத்தோடு மூட்டை கட்டிக்கொண்டு போனதும் என் காட்டில் மழை. மட்டக்களப்பு, யாழ்ப்பாணம், பிறகு கொழும்பில் எடுத்த படங்கள். முதல் நாடகத்தில் நான் நல்ல தமிழ் பேச, சனம் கூ அடித்தது. வெள்ளைக்காரி இப்படிக் கதைக்கமாட்டாளாம். ஆகவே நாக்கை மடக்கி, "நீ என்ன செய்றான் மேன்" என்று சொல்லப் பழகினேன். கை தட்டினார்கள். மாமி மட்டும் ஒரு நாடகமும் பார்க்க வரவில்லை. தான் சோறூட்டி வளர்த்த வாயிலிருந்து அந்தக் கொச்சைத் தமிழைக் கேட்க ஏலாது என்றார்.

எனக்கு ஆசை ஒன்றே ஒன்றுதான். ஒருமுறையாவது ஒரு தமிழ்த் தாயாக நடிக்கவேண்டும். கேட்ட இடமெல்லாம் சிரித்தார்கள். முதலில் கோபம் வந்தது, பிறகு வெட்கம் வந்தது, பிறகு ஒன்றுமே வரவில்லை. பல்லுப் பிடுங்க ஊசி போட்ட கன்னம் மாதிரி எல்லாம் மரத்துப்போயிற்று. மாமியின் செத்த வீட்டில்கூட நான் அழவில்லை. ஒப்பாரி வைத்த பெண்கள் அதை நிறுத்திவிட்டு என் முகத்தையே பார்த்தார்கள், துரைச்சாணி எப்படி அழுவாள் என்று. வந்த அழுகையை அடக்கிக்கொண்டு எழும்பி உள்ளே போனேன்.

எழுபதுகளின் கடைசியில் ஒரு இயக்குநர் குச்சவெளிக் கடற்கரையில் படம் எடுக்க வந்தார். கடலுக்கு மகனைப் பறிகொடுத்த தாயின் கதை. எனக்கு வழக்கம்போலத் தொப்பி. நான் விடவில்லை. கதிரையை இழுத்துப் போட்டு அவருக்கு முன்னால் இருந்து, தாயின் வசனத்தைச் சொல்லிக் காட்டினேன். கண்ணை மூடிக்கொண்டு கேட்டவர், முடிந்ததும் திறந்து என்னைப் பார்த்தார். வெள்ளை முகத்தைக் கண்டதோடு எல்லாம் போயிற்று.

"குரல் உங்கட குரல்தான் அம்மா. முகத்துக்கு வேற ஆளைப் பாப்பம்" என்றார்.

சம்மதித்தேன். கொழும்பில் ஓர் இருட்டறையில், திரையில் வேறொருத்தி வாயசைக்க, நான் அழுதேன். மாமிக்குச் சேரவேண்டிய அழுகை முழுவதும் அங்கேதான் வந்தது. ஒலிப்பதிவு செய்தவரும் மூக்கைச் சிந்தினார். குரல் யாருடையது என்று வெளியே சொல்லவேண்டாம், தெரிந்தால் சனம் சிரித்துவிடும் என்று இயக்குநர் கேட்டுக்கொண்டார். அன்று பின்னேரமே தொப்பிக்காரியின் கொச்சைத் தமிழையும் பேசிக் கொடுத்துவிட்டு வந்தேன்.

படம் ஊருக்கு வந்தபோது பக்கத்து வீட்டு அக்காவோடு பகல் காட்சிக்குப் போனேன். நான் பிறகு குடிபோன லிங்கநகரில் வருடக்கணக்காக வேலிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நின்று கதைத்தவர்கள் நாங்கள். திரையில் என் தொப்பி தெரிந்ததும் தியேட்டர் விசிலடித்துச் சிரித்தது. அக்காவும் சிரித்து என் தொடையில் தட்டினார். பிறகு அந்தத் தாய் கடலைப் பார்த்து அழுதாள். விசிலடித்தவர்களும் கண்ணைத் துடைத்தார்கள். அக்கா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். அந்தக் கிழத் தாய்க்காக நான் குரலைத் தடிக்க வைத்திருந்தேன், அதனால் அவருக்குப் பிடிபடவில்லை. எனக்கு நெஞ்சு நிறைந்தது, உண்மையாகவே நிறைந்தது. சொல்லிவிடுவோம் என்று வாயெடுத்தேன்.

அதற்குள் அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினார்.

"தமிழ்த் தாய் எண்டாத்தான் இப்பிடி அழ வரும். உங்களுக்கு இது விளங்காது தங்கச்சி, கோவிக்காதேங்கோ."

"ஓம் அக்கா" என்றேன்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் யன்னல் ஓரத்தை எனக்கு விட்டுத் தந்தார். வெள்ளைத் தோல் வெக்கை தாங்காதாம்.